மெட்டா சாக மாட்டாள்

மார்ச் 9, ஹாம்பர்க்
மெட்டாவைக் கொல்லப் போகிறார்கள். தொலைக்காட்சித் தொடரில் முப்பத்தொரு வருடமாக நான் நடிக்கும் துறைமுகச் சாப்பாட்டுக்கடைக்காரி. மதியம் பட்டாணி சூப் குடிக்கும்போது தயாரிப்பாளர் டெட்மெர்ஸ் சொன்னார். மாரடைப்பாம். அப்புறம் ரீக்கன் அம்மாவுக்கு, அதாவது எனக்கு, நல்ல ஓய்வாம். இவரிடம் ஓய்வு கேட்டது யார்? சூப்பை முழுதும் குடித்துவிட்டுத்தான் எழுந்தேன்.

மார்ச் 10
பயம்தான், வேறென்ன. பத்தொன்பது வயதில் முதல் படம். நாற்பதில் ஒருவரும் கூப்பிடவில்லை. மூன்று வருடம் வானொலியில் குழந்தைகளுக்குக் கதை படித்தேன். மறுபடி அங்கே போக மாட்டேன்.

மார்ச் 13
எனக்கு எழுபத்தைந்து முடிவது இருபத்தாறாம் தேதி. அன்று தொலைக்காட்சி நிலையத் தலைவர் விடுமுறையில் இருப்பாராம். அதனால் இருபதாம் தேதியே படப்பிடிப்பில் கேக், வாழ்த்து. மதியம் சாவுக் காட்சி. ஆறு நாள் முன்னாலேயே வாழ்த்தா? என் உடைகளைப் பார்த்துக்கொள்ளும் வீப்கே, கேட்டதும் தீங்கு அண்டாதிருக்க மேஜையை மூன்று முறை தட்டினாள். "நாள் வரதுக்கு முன்னால வாழ்த்தினா ஆள் தங்காதுன்னு சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். இவங்களுக்கு என்ன கேடு?"

மார்ச் 20
தலைவர் பூங்கொத்தோடு வந்து கை நீட்டினார். நான் இரண்டு கையையும் ஏப்ரன் பைக்குள் விட்டுக்கொண்டேன்.

"இன்னிக்கு எனக்கு எழுபத்துநாலுதான். வாழ்த்தணும்னா இருபத்தாறாம் தேதி வாங்க."

சிரித்துப் பார்த்தார். கூடச் சிரிக்க ஆளில்லை. கேக்கில் யாரும் கை வைக்கவில்லை. ஒளிப்பதிவாளர் ஹின்னெர்க் கேமராவை நிறுத்திவிட்டார்.

"இப்படி முன்கூட்டி வாழ்த்த வந்துட்டு, அதே நாள்ல ரீக்கன் அம்மா சாகறதை நான் எடுக்க மாட்டேன். பிறந்தநாள் தாண்டட்டும்."

விளக்குக்காரர்களும் விளக்குகளை அணைத்தார்கள். டெட்மெர்ஸ் முணுமுணுத்துக்கொண்டே காட்சியை இருபத்தேழுக்குத் தள்ளினார். ஏழு நாள் கிடைத்தது.

மார்ச் 22
கடைசிக் காட்சியை நானே எழுதுகிறேன், அடிக்கிறேன். நான் போகிறேன், சரி — மெட்டா ஏன் சாக வேண்டும்? கடையை மருமகளிடம் கொடுத்துவிட்டுக் கப்பலேறட்டுமே. இரண்டு பக்கம் ஆயிற்று.

மார்ச் 24
டெட்மெர்ஸிடம் கொடுத்தேன். இதைத்தான் நடிப்பேன், மாரடைப்புதான் வேண்டுமென்றால் நீங்களே படுத்துக்கொள்ளுங்கள் என்றேன். காது சிவந்துவிட்டது அவருக்கு.

மார்ச் 26
எழுபத்தைந்து. காலை ஏழு மணிக்கே வீப்கே, ஹின்னெர்க், விளக்குக்காரர்கள் எல்லோரும் வாசலில். ஒவ்வொரு கையையும் பிடித்துக் குலுக்கினேன். அழுதேன், ஒளிக்கவில்லை.

மார்ச் 27
மெட்டா கப்பலேறினாள். ஒரே டேக். இன்னொரு முறை தள்ளிப்போட டெட்மெர்ஸிடம் நாளில்லை, ஒத்துக்கொள்ள வேண்டியதாயிற்று.

ஏப்ரல் 15
யாரும் கூப்பிடவில்லை. நானே கூப்பிட்டேன், ஒன்பது நாடக அரங்குகளை. ஒருவன் வயது கேட்டான். வேடம் என்ன என்று திருப்பிக் கேட்டேன். பிரேமன் நகரத்து அரங்குக்காரர்கள் மட்டும் வந்து படித்துக் காட்டச் சொன்னார்கள்.

செப்டம்பர் 3, பிரேமன்
நிலையத் தலைவரே கூப்பிட்டார். மெட்டா போனதிலிருந்து தொடரைப் பார்க்கிறவர்கள் குறைந்துவிட்டார்களாம். கிறிஸ்துமஸுக்குள் அந்தக் கப்பல் திரும்பி வராதா என்று கேட்டார், கெஞ்சாத குறையாக.

"ஜனவரி வரைக்கும் எனக்கு இங்க நாடகம் இருக்கு. அதுக்கப்புறம் கேட்டுப் பாருங்க."

போனை வைத்துவிட்டு ஒத்திகைக்கு ஓடினேன். ஐந்து நிமிடம் தாமதம், திட்டு வாங்கினேன்.