ஓடைவெளி வட்டையில் மலைநாட்டு வாய்க்கால்

அனுப்புபவர்:
கணபதிப்போடி ஆச்சிப்பிள்ளை,
குருக்கள்மடம்.

பெறுபவர்:
அரசாங்க அதிபர் அவர்கள்,
கச்சேரி, மட்டக்களப்பு.

விடயம்: ஓடைவெளி வட்டையில் உள்ள எனது மூன்று ஏக்கர் வயலில், மண் பாதுகாப்பு என்ற பெயரில் வெட்டுவிக்கப்பட்ட வாய்க்காலை மூட அனுமதி கோருவது.

கனம் ஐயா,

இது நான் அனுப்பும் நான்காவது மனு. முதல் மூன்றையும் மரியாதைக்குறைவு வராமல் பார்த்துப் பார்த்து எழுதினேன். அதனால் பயனில்லை என்று கண்டபடியால் இம்முறை நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். பெட்டிசம் எழுதுபவரைக் கொண்டு எழுதுவிக்கவில்லை. பிழை இருந்தால் அது என் பிழை.

1. மேற்படி வயல் என் தாய் எனக்குச் சீதனமாகத் தந்தது. கடலோடு கலக்கும் வாவியின் கரையில் உள்ளது. வட்டை வயல்வெளி முழுவதும் பாய் விரித்தது போலத் தட்டை. மேலே இரண்டு சாண் களிமண், அதன் கீழே கடல் மணல். வாவிப் பக்கம் உப்புத் தண்ணீரில் வளரும் கண்ணாப் பற்றையும் ஒரு மண் வரம்பும் நின்று அந்தத் தண்ணீரை மறித்துக்கொண்டிருந்தன. வேறு பாதுகாப்பு அந்த மண்ணுக்குத் தேவைப்படவில்லை.

2. சென்ற வருடம் தை மாதம், மலைநாட்டிலிருந்து மாற்றலாகி வந்த மண் பாதுகாப்பு உத்தியோகத்தர் ஒருவர் ஜீப்பில் வந்தார். சேறு என்று வயலுக்குள் இறங்கவில்லை. வண்டிப் பாதையின் மேட்டில் நின்றபடியே சரிவை அளந்தார். அவர் அளந்தது அந்தப் பாதையின் கரையை. தேயிலைத் தோட்டங்களுக்கென்று அச்சடித்த படிவத்தில் 'கடும் சரிவு' என்று எழுதினார். மழையில் மண் அள்ளுண்டு போகாமல் குறுக்கே ஆழ வாய்க்கால் வெட்டி, அதை வாவியில் கொண்டுபோய் விடவேண்டும், தவறினால் வழக்கு என்று கட்டளையிட்டார்.

3. அந்தக் கட்டளையை ஏற்றுக் கையெழுத்து வைத்தவர் என் கணவர் அருமைநாயகம். ஏன் வைத்தீர்கள் என்று கேட்டதற்கு, "ஐயா வெயிலுக்குள்ள நிண்டு கேக்கிறார், இல்லெண்டு எப்பிடிச் சொல்லுற?" என்றார். நல்ல மனிதர். ஆனால் அந்த வயலில் அவருக்கு ஒரு பிடி மண்ணும் சொந்தமில்லை. எங்கள் பகுதியில் காணி பெண்களுடையது, மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார் என்பது ஊரறிந்த விடயம். காணி உறுதிப் பத்திரத்தைப் புரட்டிப் பார்க்கத்தான் ஒருவருக்கும் நேரம் கிடைக்கவில்லை.

4. வழக்குக்குப் பயந்து மாசியில் வெட்டினோம். களி அறுந்து மணல் தெரிந்தது. கண்ணாவையும் வரம்பையும் பிளந்துகொண்டு வாய்க்கால் வாவியைத் தொட்டது. வைகாசியில் தென்மேற்குக் கச்சான் காற்று எழும்பியதும் வாவித் தண்ணீர் அதே வாய்க்கால் வழியே வயலுக்குள் ஏறியது. மாரியில் மழைநீர் வயலில் நின்றிருந்தால் உப்பைக் கழுவியிருக்கும். அதையும் நிற்கவிடாமல் வாய்க்கால் வாவிக்கு இழுத்துக்கொண்டு போனது. விதைத்த நெல் விரலளவு முளைத்து, மஞ்சளாகிச் செத்தது. இப்போது நிலம் வெள்ளை பூத்துக் கிடக்கிறது.

5. இந்த வயல் என் மூத்த மகள் புஸ்பத்துக்குரியது. சித்திரையில் மாப்பிள்ளை வீட்டார் வயல் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளையின் தாய் குனிந்து ஒரு நுள்ளு மண்ணை எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தார். "குறை நினைக்காதகா, உப்புக் காணிய நம்பி எங்கட புள்ளய எப்பிடி அனுப்புற?" என்றார். வீட்டில் வைத்த வெற்றிலையைத் தொடாமலே போய்விட்டார்கள். அவர்கள்மேல் எனக்குக் கோபமில்லை. என் மகனுக்கென்றால் நானும் அப்படித்தான் பார்த்திருப்பேன். புஸ்பம் அன்று தொடக்கம் வட்டைப் பக்கம் போவதில்லை. என் வயிறு எரிகிறது ஐயா. இதை வேறு விதமாக எழுத எனக்குத் தெரியவில்லை.

6. வாய்க்காலை மூட அனுமதி கேட்டு எழுதிய முதல் இரண்டு மனுக்களுக்கும் பதில் இல்லை. மூன்றாவதற்கு ஆடி மாதம் பதில் வந்தது. மண் வளத்தைக் கெடவிட்டதற்காக என்மேல் ஏன் வழக்குத் தொடரக்கூடாது என்று விளக்கம் கேட்டிருந்தார்கள். அதே உத்தியோகத்தரின் கையெழுத்து. மண்ணைக் கெடுத்தவரே மண் ஏன் கெட்டது என்று என்னிடம் கேட்கிறார். அனுமதியின்றி வாய்க்காலை மூடுவதும் குற்றம் என்று கடிதத்தின் அடியில் இருக்கிறது.

மலைநாட்டில் மண் சரிந்து போவதையும், அதைத் தடுக்கச் சட்டம் வேண்டும் என்பதையும் நான் மறுக்கவில்லை. அங்கே இந்த வாய்க்கால் மண்ணைக் காக்கும். இங்கே அது மண்ணைக் கொன்றது. இதை அறியப் பெரிய படிப்பு வேண்டாம், சப்பாத்தைக் கழற்றிவிட்டு வயலுக்குள் இறங்கினால் போதும்.

7. ஐப்பசி மழை விழமுன் வாய்க்கால் அடைபட்டால்தான் இந்த மாரித் தண்ணீர் வயலில் நின்று உப்பை இறக்கும். தவறினால் இன்னொரு கச்சான் வரும். அதற்குப் பிறகு புஸ்பத்துக்குக் கொடுக்க வயல் என்று ஒன்று இருக்காது. ஆகையால் மேற்படி கட்டளையை நீக்கி, எழுத்தில் அனுமதி தருமாறு தங்களை வேண்டுகிறேன்.

வரும் 21ஆம் திகதி திங்கட்கிழமை காலை நானும் என் இரண்டு மகள்மாரும் வாய்க்காலை அடைக்கத் தொடங்குவோம். கட்டளையில் கையெழுத்து வைத்த என் கணவரும் வருவார். அனுமதி வந்திருந்தால் அனுமதியோடு அடைப்போம். வராவிட்டாலும் அடைப்போம். வழக்கு வந்தால் இங்கே எழுதியதை அங்கேயும் சொல்வேன். அன்று உத்தியோகத்தர் யாரையும் அனுப்புவதானால், தயவுசெய்து மண்வெட்டியோடு அனுப்பிவைக்கவும்.

இப்படிக்கு,
இன்றுவரை கீழ்ப்படிந்து நடந்த,
க. ஆச்சிப்பிள்ளை

குருக்கள்மடம்,
07.09.1964