கோமதி ஊருக்கு வந்த மொட்டைக் கடிதாசி

ஆடி 2. காற்று.
சூரிய சந்திரர் சாட்சியாகச் சொல்கிறேன், இதை எவனும் நம்பப்போவதில்லை. கொடியில் கிடந்த என் வேட்டி பனவடலிசத்திரம் வரை பறந்துபோய், ஒரு கோயில் கொடை விழாவுக்குப் பந்தலாக நின்றுவிட்டுத் திரும்பியது.
அதே காலையில் அக்கா மகள் செல்வியைப் போலீஸ் கூட்டிப்போனது. தெருவில் ஏழு வீட்டுக்கு மொட்டைக் கடிதாசி. அத்தனையும் குழாயடி வசவு. குழாயடியில் செல்வி வாய் பிரசித்தம். போதாதா? புகார் சொன்னது எதிர்வீட்டுப் பகவதி. "எனக்கும் வந்திருக்கு. அவ பேசுத அதே பேச்சு." ஏட்டு எழுதிக்கொண்டார்.
ரிமாண்ட். சத்துணவுக் கூடத்தில் சமையல் வேலை அவளுக்கு. குற்றம் உறுதியானால் அதுவும் போச்சு.

ஆடி 5. மேகம். மழை இல்லை.
மதியத் தூக்கம். கனவில் கடிதங்கள் கொக்குகளாகித் தெப்பக்குளத்தில் இறங்கின. ஒவ்வொன்றும் செல்வி குரலில் "மாமா" என்றது. விழித்தால் வாசலில் தபால். எனக்கே ஒரு மொட்டை! செல்வி ஜெயிலில். பின் இது யார்? போலீஸ் ஸ்டேஷனுக்கு ஓடினேன், ரயில் பின்தங்கியது.
எஸ்.ஐ. அம்மா சிரித்தார். "யானை ஒம்மகிட்ட வழி கேட்டுச்சுன்னு சொன்ன ஆளுதான நீரு? மருமவள காப்பாத்த நீரே எழுதிட்டு வந்திருக்கீரு."
யானை கேட்டது. அது வேறு விஷயம்.

ஆடி 8. காற்று. புழுதி.
கவர் கண்முன் மிதந்துகொண்டே. பெயர், தெரு, சங்கரன்கோவில் என்று இருக்கவேண்டிய இடத்தில் "கோமதி ஊர்", பின்கோடு. பின்கோடு இருந்தால் தபால் வந்துவிடும், யார் கவனிப்பார்? மற்ற வீடுகளில் போலீஸ் விட்டுப்போன கவர்களைக் கேட்டுப் பார்த்தேன். எல்லாம் கோமதி ஊர்.
மண்டைக்குள் ஆயிரம் வேட்டு. பகவதியின் புருஷன் பெயர் சங்கரன். முப்பது வருஷமாக அவள் வாயில் அந்தப் பெயர் வந்ததில்லை. பஸ்ஸில்கூட ஊர் அம்மன் பெயரைச் சொல்லி "கோமதி ஊருக்கு ஒண்ணு" தான். அத்தனை வசவையும் எழுதியவளுக்கு ஊர்ப் பெயரை எழுதக் கூச்சம்!

ஆடி 11. வெயில்.
எஸ்.ஐ. அம்மாவிடம் கால் மணி நேரம் ஒரு பொய்கூடச் சொல்லாமல் பேசினேன். காய்ச்சல் வந்துவிட்டது. பகவதியை வரவழைத்தார். "ஒங்க கைப்பட விலாசம் வேணும், ஊர் பேரோட."
"கோமதி ஊருன்னு போடுதேன்."
"சங்கரன்கோவில்னு எழுதுங்கம்மா."
"அவுக பேரு வருதுல்லா!"
நான் கொண்டுபோன கவர்களை மேசையில் பரப்பினார். பகவதி அவற்றை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினாள்.
"அவ நெனைச்சதெல்லாம் வாய்விட்டுப் பேசுதா. எனக்கும் ஒருநாள் பேசணும்போல இருந்துச்சு. ஆரம்பிச்சபெறகு நிறுத்த முடியல."

ஆடி 16. சாரல்.
செல்வி வீடு வந்தாள். வரவேற்க மூவாயிரம் மயில்கள். வேலை இன்னும் உறுதியில்லை. குழாயடியில் குடத்தை வைத்துவிட்டு, பேசாமல் நின்றாள். தெருவும் பேசவில்லை.
"மாமா, நீங்களாவது என்னைய நம்புனியளா?"
"மொத நொடியிலருந்து, ஏட்டி."
எனக்கு வந்த கடிதத்தை அவளிடம் காட்டவில்லை. நாற்பது வரி. நான் ஆடு திருடியதாக, ராயகிரியில் இன்னொரு குடும்பம் வைத்திருப்பதாக. எல்லாம் புளுகு, என்னையே மிஞ்சிய புளுகு. கடைசி வரி: "செல்வி எழுதலன்னு நீரே நம்பலியே."
அந்தக் கவரைப் பிரிக்கும்வரை, அது மட்டும் நிஜம்.