திமிங்கிலப் பல்லை நான் தொடவில்லை

தவேயுனி தீவு,
சனிக்கிழமை, மதியம்

என் கண்ணான மகள் அகோசிதாவுக்கு,

கர்த்தர் கிருபையால் இங்கே எல்லோரும் உடம்புக்குக் குறையில்லாமல் இருக்கிறோம், ஜப்பான் குளிரில் உன் முழங்கால் எப்படி இருக்கிறது என்று முதலில் எழுது, ஆட்டத்தில் ஜெயித்த கதையெல்லாம் பிறகு. சேப்பங்கிழங்கு நன்றாக விளைந்திருக்கிறது, உன் அப்பாவுக்கு முதுகு வலி, ஆனால் ஆண்களோடு கவா வேர்ச்சாறு குடிக்க உட்கார்ந்தால் மட்டும் அந்த வலி எங்கே போகிறதோ தெரியவில்லை. போனில் பேசாமல் எழுதுகிறேனே என்று பார்க்காதே, சிக்னல் கிடைப்பது உன் சகியூசா பெரியப்பா வீட்டுப் பலாமரத்தடியில்தான், நான் சொல்லப்போவதோ அவரைப் பற்றி.

போன சனிக்கிழமை அவர் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு திமிங்கிலப் பல்லோடு மன்னிப்புக் கேட்க வந்தார். வழக்கப்படி மேல்பக்கம் உட்காருகிற மனுஷன், அன்றைக்குக் கீழ்வாசல் ஓரம், பெண்கள் உட்காரும் பாயில் மண்டி போட்டு, "அன்னிக்குப் புத்திகெட்டுப் பண்ணிட்டேன், இதோட புதைச்சிடுவோம்" என்று பல்லை நீட்டினார். வாங்கிவிட்டால் மன்னித்ததாகத்தானே அர்த்தம், உன் அப்பா உடனே கையை நீட்டிவிட்டார். அண்ணன் முன்னால் அவருக்கு எப்போது முதுகெலும்பு இருந்தது? நான் அடுக்களையிலிருந்தே, "கையை எடுங்க, அடுப்புல எரிஞ்சது உங்க பொருளில்ல, என் பொண்ணோடது" என்று சத்தம் போட்டேன். வந்தவர்கள் பல்லை எடுத்துக்கொண்டு திரும்பிப் போனார்கள். நீட்டிய பல்லை மறுப்பது எவ்வளவு பெரிய அவமானம் என்று எனக்குத் தெரியாதா? தெரிந்துதான் செய்தேன்.

நீ மறந்திருப்பாய், உனக்கு மனசு பெரிசு. எனக்கு அப்படியில்லை. உனக்குப் பதினாறு வயது, கூடை பின்னி விற்று நான் வாங்கித் தந்த ரக்பி பூட்ஸை, விருந்துக்குப் பன்றி வேகிற குழியடுப்பில் அவர் தூக்கிப் போட்டார். "பொட்டப்புள்ள பந்தைத் தூக்கிட்டு ஓடுனா எவன் கட்டுவான்? ஆம்பளைங்க மைதானத்துல இனி கால் வச்சா ஊரை விட்டே தள்ளி வச்சிருவேன்" என்று ஊர் கேட்கக் கத்தினார். அந்த ரப்பர் நாற்றம் ஏறிய கறியைத்தான் அன்று எல்லோரும் சாப்பிட்டார்கள், உன் அப்பாவும் சாப்பிட்டார். மறுநாள் நீ வெறுங்காலோடு தலைநகர் சுவாவுக்குக் கப்பல் ஏறினாய். உன் கழுத்தில் பதக்கம் விழுந்ததும் சபைக் கூடத்தில் உன் படத்தை மாட்டி, "எங்க ரத்தம்ல!" என்று மார்தட்டியவரும் இதே மனுஷன். அன்றைக்கு எனக்கு வந்த ஆத்திரத்தில் படத்தைக் கழற்றிக் கொண்டு வந்துவிடலாமா என்றிருந்தது.

இப்போது ஏன் வந்தார் தெரியுமா? அணியின் பயிற்சி முகாமுக்கு நம் வடக்குத் தீவுப் பெண்கள் இரண்டு பேரின் பெயரைத் தரச்சொல்லி அணித்தலைவியான உன்னிடம் பயிற்சியாளர் கேட்டிருக்கிறாராமே, அது உன் பெரியப்பா காதுக்கு எட்டிவிட்டது. அவருடைய மகள் தலிதா விளையாடுகிறாள். எழுதாதே, அவள் பெயரை எழுதவே எழுதாதே என்று சொல்லத்தான் முந்தாநாள் பேனாவை எடுத்தேன். ஆனால் நேற்று மாலை அவள் எப்படித்தான் ஓடுகிறாள் பார்ப்போம் என்று மைதானத்துக்குப் போய்த் தொலைத்தேன். பாவி மகள், மூன்று பேரை ஏமாற்றிவிட்டுப் பந்தோடு எல்லைக் கோட்டைத் தாண்டி விழுந்தாள். உன்னைவிட வேகம், கோபித்துக்கொள்ளாதே. என்னைப் பார்த்ததும் பயந்துபோய், "சித்தி, அக்காகிட்ட என்னைப் பத்தித் தப்பா எழுதிராதீங்க" என்றாள். வயிற்றெரிச்சலோடுதான் வீட்டுக்கு வந்தேன். அவளைத் தடுத்தால் அந்த மனுஷன் செய்ததையே நானும் செய்ததாக ஆகும்.

அதனால் அவள் பெயரைக் கொடு. பல்லை மட்டும் நான் தொட மாட்டேன், நீயும் ஊருக்கு வரும்போது தொடாதே. மன்னித்துவிட்டால் ஒரே நாளில் அவருக்குப் பாரம் இறங்கிவிடும், இறங்கக் கூடாது. இன்று காலையும் வந்து ஒரு மணி நேரம் உட்கார்ந்துவிட்டுப் போனார், நான் துணி துவைத்துக்கொண்டிருந்தேன். உன் தயவில் அவர் மகள் உலகமெல்லாம் ஓடட்டும், ஊர் கைதட்டட்டும். அவர் மட்டும் அந்தப் பல்லை மடியில் வைத்துக்கொண்டு என் கீழ்வாசலில் சனிக்கிழமைதோறும் உட்காரட்டும்.

ஆண்டவர் உன் கால்களைக் காப்பாராக. அனுப்பிய தேங்காயெண்ணெயை முழங்காலில் தினமும் தேய்க்க மறக்காதே, ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்கும் போ. மன்னிப்பைப் பற்றிப் போதகர் ஏதாவது சொன்னால் எனக்கு எழுதாதே.

எதையும் மறக்காத உன் அம்மா,
லொசலினி