இடது கை சலாம்

ஜூன் 3

டைரக்டர் என் ஃபுட்டேஜைத் திருடிவிட்டான். துறைமுக வேலைநிறுத்தம் முடிந்த அன்று என் அண்ணன் எடுத்தது. பார்த்துவிட்டு வாங்கட்டும் என்று, குறுக்கே கடைப் பெயரை அடித்து மாதிரிப் பிரதி அனுப்பியிருந்தேன். "நம்ம கதைக்கு ஒத்துவரல சார்" என்றவன் இன்று டிரெய்லரில் அதையே ஓட்டுகிறான். கடைப் பெயரைத் துடைத்துவிட்டு, துடைத்த தடம் தெரியாமலிருக்க மேலே கீறல் கீறலாக மழைக்கோடு போட்டிருக்கிறான். இருபது வருடமாகப் பழைய படம் விற்கிறேன். என்னிடமேயா?

ஜூன் 4

போன் செய்தேன். "பழைய படம் ஆயிரம் இடத்துல கிடைக்கும் சார். உங்களுதுன்னு எழுதி ஒட்டியிருக்கா?"

எழுதி ஒட்டித்தானேடா அனுப்பினேன். அதைத்தானே துடைச்சே.

துடைத்ததை நிரூபிக்க வேண்டும் என்கிறார் வக்கீல். வெள்ளிக்கிழமை படம் வெளியாகிறது.

ஜூன் 5

கடையில் எல்லோர் மேலும் எரிந்து விழுந்தேன்.

ஜூன் 6

அண்ணி வந்தார். அண்ணன் போன பிறகு சுருள்களையெல்லாம் என்னிடம் கொடுத்தவர். கேட்டது ஒன்றுதான்: எங்கே ஓடினாலும் அவர் பெயர் வர வேண்டும். எந்த முகத்தோடு டிரெய்லரைக் காட்டுவது? காட்டினேன்.

"ஏன் தம்பி, இந்த வாட்ச்மேன் இடது கையால சலாம் வைக்கிறான்? உங்கண்ணன் எடுத்ததுல ஒழுங்காத்தானே வச்சான்?"

தலையில் அடித்துக்கொண்டேன். இவனைப் போன்ற ஆட்களுக்காகவே மாதிரிப் பிரதியை இடம் வலமாகப் புரட்டி அனுப்புகிறவன் நான். கோபத்தில் நான் வைத்த பொறி எனக்கே தெரியவில்லை.

ஜூன் 7

தயாரிப்பாளர் அறை. டைரக்டர் கால்மேல் கால் போட்டிருந்தான். டிரெய்லரை ஓடவிட்டேன்.

"வாட்ச்மேன் சலாம் இடது கை. முதலாளியும் யூனியன் தலைவரும் கை குலுக்குறாங்க, அதுவும் இடது கை. ஊர்ல ஒருத்தனுக்குக்கூடவா வலது கை இல்ல?"

பிறகு மூலத்தை ஓட்டினேன். எல்லாம் வலது.

"புரட்டின பிரதி உலகத்துலயே ஒண்ணுதான். உங்க மெயில்ல இருக்கு."

"எடிட்டர் பண்ணின தப்பு சார்" என்றான். கால் கீழே இறங்கியிருந்தது.

தயாரிப்பாளர் அவனைப் பார்க்கவே இல்லை. "நீ கொஞ்சம் வெளிய இருப்பா."

ஜூன் 8

கையெழுத்தானது. விலை அன்று சொன்னதுதான். ஒரு காசு ஏற்றவில்லை, குறைக்கவும் இல்லை. மழைக்கோடு போக வேண்டும். வாட்ச்மேன் வலது கையால் சலாம் வைக்க வேண்டும். அண்ணன் பெயர் தனியாக, நிதானமாகப் படிக்கிற அளவுக்குத் திரையில் நிற்க வேண்டும். முதல் காட்சிக்கு அண்ணிக்கு ஒரு சீட்டு, நடு வரிசையில். முன்னால் உட்கார்ந்தால் கழுத்து வலிக்குமாம்.