அழுத்த மறந்த கடிகாரம்

ஞாயிறு.

பதினோரு வருஷமா செஸ்ல கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்காக ஆடுறேன். இன்னிக்கு கடைசி ஆட்டத்துல ஜெயிச்சிருந்தா கெடச்சிருக்கும். ஜெயிக்கிற நெலமைலதான் இருந்தேன். காய நகத்திட்டு கடிகாரத்த அழுத்த மறந்துட்டேன்; அழுத்தினாதான் என் நேரம் நின்னு எதிராளி நேரம் ஓடும். எதிராளி தலைல கைய வச்சுகினு பலகையவே பாத்தான். யோசிக்கிறான்னு நெனச்சு சும்மா உக்காந்திருந்தேன். ஓடினது என் நேரம். தீந்து தோத்துட்டேன். இன்னொரு பதினோரு வருஷத்துக்கு நான் எங்க போவேன்?

ராயபுரம் வூட்டுக்கு வந்து சொன்னதும் அம்மா கத்துச்சு: "உன் கடியாரம் ஓடிகினு கீதும்மான்னு அந்தாளு ஒரு வார்த்த சொன்னா இன்னா? மனுசனா அவன்?"

போன வருஷம் எண்ணூர் போட்டியில ஒரு பொண்ணு இதே மாதிரி மறந்துட்டா. அவ நேரம் தீர்ற வரைக்கும் நானும் தலைல கைய வச்சுகினுதான் உக்காந்திருந்தேன். ஜெயிச்சேன்னு வூட்டுல சொன்னேன். அம்மா பாயசம் வச்சுச்சு.