நெய்ப்பந்தம் பிடித்த கை

குன்னம்,
ஞாயிற்றுக்கிழமை

அன்பு மகன் தமிழழகனுக்கு அம்மா வேணி எழுதுவது. நான் சுகம், அப்பா உயிரோடு இருக்கிறார், அதையே சுகம் என்று வைத்துக்கொள். கௌஹாத்தியில் குளிர் எப்படி, வேளைக்குச் சாப்பிடுகிறாயா. வாய்ஸ் போட்டால் பாதியில் அழுதுவிடுவேன், அதனால் டைப் பண்ணுகிறேன், முழுசாகப் படித்துவிட்டுக் கூப்பிடு.

வியாழக்கிழமை மக்காச்சோளக் காட்டில் உன் பெரியப்பா ராஜதுரை இன்னும் இரண்டு பேரோடு வந்து அப்பாவை மறித்து மண்வெட்டிக் காம்பால் அடித்துவிட்டார். தோள் எலும்பு முறிந்து காதோரம் ஏழு தையல். நான் ஓடிப் போனபோது இரத்தத்தில் மண் அப்பி முகமே தெரியவில்லை. கீழே கிடந்தவரை மிதித்துக்கொண்டே, காலனிக்காரியக் கட்டுனவனுக்குக் காட்டுல பங்கு கேக்குதோ, ஒம் மவன் வேலய உருவாம வுடமாட்டேன்டா என்று கத்தினார். பங்கு கேட்டு அப்பா நோட்டீஸ் விட்டதிலிருந்து இந்த வெறி. உன் எஸ்.சி. சர்டிபிகேட் பொய் என்று ஐகோர்ட்டில் கேஸ் போட்டார் இல்லையா, கோர்ட் இப்போது சாதி சர்டிபிகேட் சரிபார்க்கிற கமிட்டியை விசாரித்து முடிவு சொல்லச் சொல்லியிருக்கிறது. அதில் தோற்றால் உன் ரயில்வே வேலை போய்விடும்.

நமக்கு வக்கீல் அனுசுயா. யூடியூபில் சட்டம் சொல்லித் தருகிற அவங்க வீடியோ ஒன்றுவிடாமல் பார்த்து, நிறுத்தி நிறுத்தி நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன், நேரில் பார்த்ததும் முதலில் செல்ஃபிதான் கேட்டேன். மொதல்ல பேப்பரக் காட்டுங்கக்கா, மூஞ்சி எங்கயும் ஓடிப்போவாது என்று சிரித்தாங்க. பெரியப்பா மனுவில் என்ன எழுதியிருக்கிறார் தெரியுமா. தமிழழகன் எங்கள் வீட்டுப் பிள்ளையாகவே வளர்ந்தான், தாத்தா சாவுக்குப் பேரன் முறையில் நெய்ப்பந்தம் பிடித்தான், ஆகவே எங்கள் சாதி என்று. நீ ஐந்து வயதில் பந்தத்தோடு நிற்கிற போட்டோவும் வைத்திருக்கிறார். அப்பா சாதியா அம்மா சாதியா, உன்னை எந்தச் சாதியாக நடத்தினார்கள் என்பதைத்தான் கமிட்டி பார்க்குமாம்.

இனி மறைக்க முடியாதுடா சாமி. உன் வலது கைத் தழும்பு கஞ்சி கொட்டி வந்ததில்லை. அன்றைக்கு ஊர்த்தெருவில் யாரோ மனசு இரங்கி உன் கையிலும் ஒரு பந்தத்தைக் கொடுத்தார்கள், போட்டோக்காரன் ஒரு படம் எடுத்தான். அடுத்த நிமிஷம் பெரியப்பா, இது புடிச்சா எங்கப்பன் கட்டை வேவாது என்று பந்தத்தைப் பிடுங்கி உன் முன்கையிலேயே வைத்து அழுத்தினார். நெய்யோடு தோலும் வழிந்தது, உனக்கு அலறக்கூட மூச்சு வரவில்லை. நான் பாய்ந்து அவர் இடது கையைக் கடித்தேன், சதை பல்லோடு வந்த பிறகுதான் விட்டேன். அரிவாளைத் தூக்கிக்கொண்டு, போலீசுக்குப் போனியன்னா காலனியையே கொளுத்திடுவேன் என்றார். பயந்துபோய் ஆஸ்பத்திரியில் கஞ்சி கொட்டிவிட்டது என்று நானே சொன்னேன், சீட்டில் அப்படியே எழுதிவிட்டார்கள். அந்தச் சீட்டுதான் இப்போது நமக்கு எதிராக நிற்கிறது.

இதையெல்லாம் அனுசுயா ஒன்றுவிடாமல் எழுதிக்கொண்டாங்க. பிறகு, கடிச்ச தடம் இன்னும் இருக்காக்கா என்று கேட்டாங்க. கட்டைவிரலுக்குக் கீழே பள்ளமாக இருக்கிறது, வியாழக்கிழமை காம்பு பிடித்த கையில்கூடப் பார்த்தேன் என்றேன். அன்றைக்கு உன் புண்ணைக் கழுவிய பக்கத்து வீட்டு ஆண்டாயியும் வந்து சொல்கிறேன் என்கிறாள். எனக்கென்னடி, கெழவிய வெட்டி என்ன கறியா திங்கப் போறான் என்கிறாள்.

பதினான்காம் தேதி விசாரணை. லீவு எழுதிக் கொடுத்துவிட்டு வா. அவரைப் பார்த்ததும் ரத்தம் கொதிக்கும், எனக்கும் கொதிக்கிறது, ஆனால் கை ஓங்கிவிடாதே, நம் கேஸே அந்தக் கைதான். பொய் சொன்னதற்கு அம்மாவை எவ்வளவு வேண்டுமானாலும் திட்டு, வந்து திட்டு. அப்பா ஆசீர்வாதம் சொல்லச் சொன்னார், கையைத் தூக்க முடியாமல் கண்ணால் சொன்னார். எந்தத் தீயும் உன்னை இனித் தொடாமல் நீ நன்றாக இருக்க வேண்டும்.

கல்யாணம் காட்சிக்குக்கூட முழுக்கைச் சட்டை போடுகிறவன் நீ. அன்றைக்கு மட்டும் அரைக்கைச் சட்டை போட்டு வா.

இப்படிக்கு
உன் அம்மா
ந. வேணி