ஒரே தடவை திரும்பும் கடியாரம்

கேமரன் மலை,
ஜூன் 1943

என் அக்கா பெற்ற மகாராணி பார்பராவுக்கு,

மூவுலகும் நடுங்கும் உன் தாய்மாமன் எழுதுவது. பிரசவத்துக்குத் தாய்வீடு போனவளுக்கு இதை எழுதக் கூடாது. ஆனால் வேறொருவர் வாயால் நீ கேட்கவும் கூடாது.

சீனச் சக்கரவர்த்தி காலில் விழுந்து கேட்டும் நான் கொடுக்காத கடியாரம் இருக்கிறதே, முள்ளைத் திருகினால் காலம் ஒரு மணி நேரம் பின்னால் போகும் என்பேனே, நீங்களெல்லாம் சிரிப்பீர்களே, அது மெய்யம்மா. ஆயுளுக்கு ஒரே தடவைதான் திரும்பும்.

செவ்வாய்க்கிழமை காலைப் பெரட்டில் பேர் கூப்பிடும்போதே, ஜப்பான்காரன் உன் அம்புரோஸை சயாம் ரயில் வேலைக்கு லோரியில் ஏற்றிவிட்டான். நான் முள்ளைத் திருகினேன். லோரி மறைந்தது. உன் புருஷன் லயத்து வாசலில் உட்கார்ந்து, அட்டை கடிக்காமலிருக்கக் காலில் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தான்.

"மாப்ள, பெரட்டுக்குப் போவாத. ஒன்ன லோரில ஏத்துறத பாத்துட்டுத்தான் நேரத்தத் திருப்பிட்டு வர்றேன்."

"போன வாரம் புலிக்குப் பல்லு வெளக்குனீங்க, இன்னிக்கு இதுவா? ஊருக் கடியாரத்தயெல்லாம் தோக்கியோ நேரத்துக்கு மாத்துனானே, நேரத்த மாத்துறது அந்த ஜப்பான்காரன் வேலை லா, மாமா! பெரட்டுக்குப் போவலன்னா அரிசி இல்ல. புள்ளையோட வர்றவளுக்கு என்னாத்த ஆக்கிப் போடுறது?"

நான் அவன் காலில் விழுந்தேன். அதற்குத்தான் அதிகமாகச் சிரித்தான். சிரித்துக்கொண்டே போய் வரிசையில் நின்றான்.

முள் இப்போது அசையவில்லை.

அவன் திரும்பி வருவான் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். நான் எழுதினால் நீ நம்பமாட்டாய் என்பதால் எழுதவில்லை.

உன் தாய்மாமன்